நேராகச் சுடும் பலூன் துப்பாக்கி

காணும் பொங்கலன்று காலையில், கடலூர் தேவனாம்பட்டினம் கடற்கரையில், ஒரு பஜ்ஜிக் கடையின் பெயர்ப் பலகையை நான் சுட்டுவிட்டேன்.

பதற வேண்டாம். பலூன் சுடுகிற ஏர் கன்தான். கடை இன்னும் திறந்திருக்கவில்லை. கடைக்கார அக்காவும் நல்லவேளையாக எங்களுக்குப் பின்னால் நின்று வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார். பலகையில் வரைந்திருந்த மிளகாயின் நடுவே பொட்டு வைத்ததுபோல ஓர் ஓட்டை.

"என் கடை மேல என்ன சார் கோவம்? போன வருஷம் பஜ்ஜி நல்லா இல்லியா?" என்றார்.

நான் குறி வைத்தது மிளகாய்க்கு இல்லை. பக்கத்திலிருந்த எங்கள் பலூன் பலகைக்கு. அதாவது, என் மனைவி செல்வியின் தம்பி பிரபு முதன்முதலாகப் போட்டிருக்கும் கடைக்கு.

பிரபு இதுவரை அவன் அப்பாவின் லாரியில் கிளீனர். அது அவனுக்குப் பிடிக்கவில்லை. புதுச்சேரியில் யாரிடமோ பேசி, குறி பார்க்கும் ஸ்கோப் பொருத்திய ஏர் கன் ஒன்றை வாங்கி வந்துவிட்டான். மாமனார் ஒரே வரியில் சொல்லிவிட்டார். "காணும் பொங்கலுக்கு நானே வந்து சுட்டுப் பாப்பேன். சரியா இருந்தா தைப்பூசத்துக்கு வடலூர்லயும் கடை போடு. இல்லேன்னா வண்டியில ஏறு."

பிரபுவின் திட்டம் எளிமையானது. மற்ற பலூன் கடைகளில் பலகை கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும். துப்பாக்கி மட்டும் கோணலாக இருக்கும். இவன் கடையில் பலகை நாற்பது அடி தள்ளி. ஆனால் துப்பாக்கி நேராகச் சுடும். "எவன் கடையில மாமா இருக்கு இப்படி?" என்று கேட்டான். எவன் கடையிலும் இல்லைதான். அன்று காலை வரை இவன் கடையிலும் இல்லை!

அதனால்தான் முதல் நாள் இரவு எனக்கு போன். "மாமா, லென்ஸுன்னா உங்க சப்ஜெக்ட்தானே? வந்து செட் பண்ணிக் குடுங்க."

சிதம்பரத்தில் ஒரு பள்ளியில் நான் பிசிக்ஸ் வாத்தியார். குழி லென்ஸ், குவி லென்ஸ் எல்லாம் கரும்பலகையில் பிரமாதமாக வரைவேன். மச்சான் கேட்கும்போது, அது கரும்பலகையோடு சரி என்று சொல்ல முடியுமா?

விஷயம் இதுதான். ஸ்கோப்புக்குள் தெரியும் கூட்டல் குறியும், குண்டு போய்ச் சேரும் இடமும் ஒன்றாக இருக்க வேண்டும். அதைச் சரிசெய்ய ஸ்கோப்பின் தலையில் ஒரு திருகாணி, பக்கவாட்டில் ஒரு திருகாணி. ஒன்று மேலே கீழே. மற்றது இடம் வலம். ஜீரோ பண்ணுவது என்பார்கள்.

பலகையில் ஒரு வெள்ளைத்தாளை ஒட்டி, நடுவில் புள்ளி வைத்துச் சுட்டேன். கீழே போனது. மேலுக்குத் திருகினேன். அடுத்தது இடப்பக்கம் போனது. வலப்பக்கம் திருகினேன். அடுத்தது தாளிலேயே இல்லை. மறுபடி திருகினேன்… மிளகாய்! பயந்துபோய், திருகியதையெல்லாம் பழையபடியே திருப்பி வைத்தேன்.

"ஏங்க, ஒவ்வொரு குண்டுக்கும் திருகுறீங்களே, அதுக்குத் தலை சுத்தாதா?" என்றாள் செல்வி.

"இது கணக்கு. உனக்குப் புரியாது."

சொல்லி வாய் மூடவில்லை, திருகாணியின் சின்ன மூடி என் கையிலிருந்து நழுவிவிட்டது. கடற்கரை மணல். பார்த்த இடமெல்லாம் ஒரே மாதிரி. பிரபு பதறிப்போய்த் தன் கைக்குட்டையைத் திருகாணியின் மேல் கட்டினான். "மணல் பூந்துச்சுன்னா அவ்ளோதான் மாமா. மூடி கெடைக்கிற வரைக்கும் யாரும் தொடக் கூடாது."

நாங்கள் இருவரும் முட்டி போட்டு மணலைச் சலித்தோம். செல்விக்குப் போரடித்தது. சும்மா கிடக்கிற துப்பாக்கிதானே என்று ஐந்து குண்டைச் சுட்டாள். திருகாணிதான் கைக்குட்டைக்குள் இருக்கிறதே… அவள் எதையும் திருகவில்லை.

போய்ப் பார்த்தால், ஐந்து ஓட்டையையும் ஒரு ரூபாய் நாணயத்தால் மூடிவிடலாம். புள்ளிக்கு நாலு விரற்கடை கீழே, கொஞ்சம் இடப்பக்கம். ஐந்துமே ஒரே இடம்!

துப்பாக்கி காலையிலிருந்து ஒரே பதிலைத்தான் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறது. அதைப் பேசவிடாமல் நடுவில் நடுவில் திருகியது நான்.

மூடி? என் பொங்கல் வேட்டியின் மடிப்பில் இருந்தது.

அப்புறம் எல்லாம் சுலபம். ஐந்து ஓட்டைக்கும் புள்ளிக்கும் நடுவே எவ்வளவு தூரம் என்று பார்த்து, நிதானமாக மேலுக்கும் வலத்துக்கும் திருகினேன். செல்வி சுட்டாள். புள்ளி இருந்த இடத்தில் ஓட்டை. பிரபு என்னைத் தூக்கியே விட்டான். பஜ்ஜி அக்கா விசில் அடித்தார். சத்தியமாக, அப்படி ஒரு விசிலை நான் சிதம்பரம் தேரோட்டத்தில்கூடக் கேட்டதில்லை.

மாலையில் ஊரே கடற்கரைக்கு வந்துவிட்டது. புதுச்சட்டை, கரும்பு, குழந்தைகள். கடைக்கு முன்னால் நல்ல கூட்டம். கூட்டத்தை விலக்கிக்கொண்டு மாமனார் வந்தார்.

மாமனாரைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். லாரி போகிற ஊரிலெல்லாம், எந்தத் திருவிழாவானாலும் பலூன் சுடாமல் வரமாட்டார். எட்டுக்கு ஏழு உடைப்பார். அந்தப் பெருமை வீட்டில் எல்லோருக்கும் தெரியும்.

துப்பாக்கியை வாங்கினார். "அந்தச் செவப்பு" என்றார். சுட்டார். சிவப்பு அசையவில்லை. இன்னொன்று. அதுவும் அப்படியே. மூன்றாவதும் போனது.

"கோணத் துப்பாக்கிடா இது" என்றார், எல்லோர் காதிலும் விழும்படி.

வரிசையில் நின்றவர்களில் இரண்டு பேர் நகர்ந்தார்கள். என் கை தானாகத் திருகாணிக்குப் போனது. செல்வி என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"அப்பா, எங்கப்பா குறி வெச்ச?"

"செவப்புக்கு ரெண்டு வெரல் வலப்பக்கம்."

"ஏம்ப்பா?"

"பலூன் துப்பாக்கின்னா அப்படித்தான வெக்கணும்? இத்தினி வருஷமா நான் என்ன தெரியாமயா சுடுறேன்?"

"இது நேரா சுடும்பா. நேரா வெச்சுப் பாரு."

"எந்தத் திருவிழாவுல எந்தத் துப்பாக்கி நேரா சுட்டிருக்கு? சரி, வெக்கிறேன். எங்க போவுதுன்னு எல்லாரும் பாத்துக்குங்க."

டப்!

சிவப்பு பலூன் இருந்த இடத்தில் நூல் மட்டும் தொங்கியது.

மாமனார் துப்பாக்கியைப் பார்த்தார். மகனைப் பார்த்தார். "இன்னொரு குண்டு போடு" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. கூடவே என் கதையும் ஞாபகம் வந்தது. எங்கள் வீட்டில் முதலில் பள்ளிக்கூடம் போனவன் நான். காலேஜில் சேர வருமானச் சான்றிதழ் கேட்டு மனு கொடுத்திருந்தோம். நேராகப் போனால் வேலை நடக்காது என்று அப்பா முடிவு செய்ததால், தெரிந்தவருக்குத் தெரிந்தவர் ஒருவரைப் பிடித்து, அவருக்கு டிபன் வாங்கிக் கொடுத்து மஞ்சக்குப்பம் தாலுகா ஆபீஸுக்குக் கூட்டிப்போனோம். அங்கிருந்த அம்மா சான்றிதழை எடுத்து நீட்டினார். "நேத்தே ரெடிப்பா. ஆமா, இவரு யாரு?"

கோணலுக்குப் பழகிவிட்டோம். எதிரில் இருப்பது நேராக இருந்தாலும், நாம் இரண்டு விரல் தள்ளித்தான் குறி வைக்கிறோம். அப்புறம் படவில்லையே என்று கோபம் வேறு… சரிதானே?

கடைசியில் நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். இருட்டுகிற வரை மாமனாரிடமிருந்து துப்பாக்கியை வாங்க முடியவில்லை. "அப்பா, கஸ்டமருக்கும் குடுப்பா" என்று பிரபு கெஞ்சியே விட்டான். இதற்குள் மிளகாய்க் கதையைச் செல்வி அவரிடம் சொல்லியிருந்தாள். ஒருவழியாகக் கொடுத்துவிட்டு, வேட்டியை மடித்துக் கட்டியபடி மாமனார் சொன்னார்.

"வடலூர்ல நல்ல எடமாப் பாத்துப் புடிடா. ஆனா மாப்பிள்ளைய மட்டும் அந்தத் திருகாணிகிட்ட வுடாத."