குழாய் இடம் மாறிய பிறகு

என் கணவருக்கு இடுப்புக்குக் கீழே உணர்வு போனது உழவு இயந்திரத்தால். புதுக்குடியிருப்புக்கு அப்பால் எங்கள் வயலுக்குப் போகும் குளக்கட்டில், மழையில் ஊறிக் கிடந்த கரை இடிந்து இயந்திரம் புரண்டது. சண்டைக் காலம் முழுக்க ஓடி ஓடி உயிர் தப்பிய மனிதர். எல்லாம் முடிந்து, வயல் திரும்ப விளையத் தொடங்கி, மகளையும் பளையில் கட்டிக்கொடுத்த பிறகு, தன் சொந்த இயந்திரத்தின் கீழே கிடந்தார்.

மாதக் கணக்கில் ஆஸ்பத்திரியில் இருந்துவிட்டுச் சக்கர நாற்காலியோடு வீட்டுக்கு வந்தோம். சிறுநீர் தானாகப் போகாது என்பதால் முன்பக்கத்தால் ஒரு குழாய் போட்டிருந்தார்கள். அது ஒரு பையில் போய் முடிந்தது. வந்த அன்றே அவர் தன் கட்டிலை விறாந்தையில் போடச் சொன்னார்.

"அறைக்குள்ளை காத்து வராது" என்றார்.

எங்கள் அறைக்கு இரண்டு யன்னல்கள். என்றாலும் ஒற்றைக் கட்டில் ஒன்று வாங்கி விறாந்தையில் போட்டோம். எங்கள் பழைய அகலக் கட்டிலில் நான் தனியே படுத்தேன்.

அதன் பிறகு ஒவ்வொரு நாளும் அவரைக் கழுவினேன், துடைத்தேன், புரட்டிப் படுக்கவைத்தேன், பையை வெறுமையாக்கினேன். அவர் உடம்பில் என் கை படாத இடம் இல்லை. ஆனாலும் அவருக்காக ஏங்கினேன். இதை ஒருவருக்கும் விளங்கப்படுத்த முடியாது. கழுவும்போது அவர் முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொள்வார். நான் தொட்டது ஒரு நோயாளியை. முன்பெல்லாம் வயலால் வந்து குளித்துவிட்டுப் படுக்கும்போது சவர்க்கார வாசத்துக்கு அடியில் சேற்று வாசம் கொஞ்சம் மிஞ்சியிருக்குமே, அந்த மனிதரைத்தான் நான் தேடினேன். அவர் சேர்ட் ஒன்றைத் தோய்க்காமல் அலுமாரிக்குள் வைத்திருந்தேன். அதிலும் வாசம் போய்விட்டது.

குழாயால் ஓயாத கரைச்சல். சிறுநீர் கலங்கும், மணக்கும். சில வேளை காய்ச்சல் வரும். கலங்கினால் உடனே பாமசிக்குப் போய்க் குளிசை வாங்கிக் கொடுப்பேன். போகப் போகக் குளிசைக்கும் கேட்கவில்லை. குழாய் உராய்ந்து முன்பக்கத்தில் புண்ணும் வந்தது. வவுனியா கிளினிக்கில் டொக்டர் பார்த்துவிட்டு, இனி இந்த வழி வேண்டாம், அடிவயிற்றில் சின்னத் துளை போட்டு நேரே சிறுநீர்ப்பைக்குள் குழாயை விடுவோம் என்றார்.

"இன்னுமொரு ஓட்டையோ?" என்று இவர் என்னைப் பார்த்துக் கேட்டார், டொக்டரைப் பார்த்து அல்ல.

டொக்டர் ஒரு கடதாசியில் படம் கீறிக் காட்டினார். நீண்ட காலம் குழாயோடு இருக்க வேண்டிய ஒருவருக்கு இது சுகம், முன்பக்கத்துப் புண் ஆறும், குழாய் மாற்றுவதும் லேசு. ஆனால் கிருமி தொற்றாது என்று மட்டும் நினைக்க வேண்டாம், உடம்புக்குள் குழாய் இருக்கும் வரை அந்தப் பயம் இருக்கத்தான் செய்யும் என்றார். இவர் கடதாசியைக் கனநேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுச் சம்மதித்தார்.

துளை போட்ட பின், வீட்டுக்கு வெளிக்கிடும் நாளில் வாட்டு நேர்ஸ் மிஸ் ஒருவர் வந்து எனக்கு எல்லாம் சொல்லித் தந்தார். என்னைவிடக் கொஞ்சம் மூத்த பெண். துளையைச் சுற்றி ஒவ்வொரு நாளும் சவர்க்காரமும் தண்ணியும் போட்டுக் கழுவ வேண்டும். பை எப்போதும் சிறுநீர்ப்பைக்குக் கீழே தொங்க வேண்டும். குழாய் மடியக் கூடாது, இழுபடக் கூடாது. சிறுநீர் வெளிறிப் போகும் வரை தண்ணி குடிக்க வேண்டும். வெறும் கலங்கலுக்காகக் குளிசை வேண்டாம். காய்ச்சல், நடுக்கம் வந்தாலோ, பைக்குள் சிறுநீர் இறங்காமல் நின்றாலோ உடனே வர வேண்டும்.

பிறகு கட்டிலைச் சுற்றியிருந்த சீலையை இழுத்து மூடிவிட்டு, என்னை இந்தப் பக்கம் கூப்பிட்டார்.

"தங்கச்சி, இன்னொரு விசயம். இதை ஒருத்தரும் வாய்விட்டுக் கேக்கமாட்டினம், அதாலை நானே சொல்லுறன். இப்ப முன்பக்கத்திலை குழாய் இல்லை. புருசன் பெண்சாதியா இருக்க இந்தக் குழாய் தடையில்லை. அதை வயித்தோடை சேத்து ஒட்டிப்போட்டு, பையைக் கட்டில் பக்கத்திலை கொழுவிவிடுங்கோ. அவருக்கு என்ன ஏலும், என்ன ஏலாது எண்டது வேறை கதை. பக்கத்திலை படுக்கிறதுக்கு ஒண்டும் ஏலத் தேவையில்லைத்தானே."

நான் நிலத்தைப் பார்த்துக்கொண்டு "ஓம் மிஸ்" என்றேன். என் காது இரண்டும் சுட்டது.

வாகனத்தில் வரும்போது மாங்குளம் தாண்டும் வரை இவர் யன்னலால் வெளியே பார்த்துக்கொண்டு வந்தார். வீட்டுக்கு வந்து, தேத்தண்ணி கொடுத்துவிட்டு, துணிவைக் கூட்டிக்கொண்டு சொன்னேன்.

"அந்த மிஸ் என்னட்டை ஒண்டு சொன்னவா."

"எனக்கும் கேட்டது" என்றார். "சீலைதானே நடுவிலை."

அவ்வளவுதான். அவர் தேத்தண்ணியைக் குடித்தார். நான் கோப்பையை வாங்கிக்கொண்டு குசினிக்குப் போனேன்.

அதன் பிறகு நான் காத்திருந்தேன். கல்யாணம் பேசி முடித்த காலத்தில்கூட அப்படிக் காத்திருந்ததில்லை. பின்னேரங்களில் முகம் கழுவிப் பொட்டு வைத்துக்கொண்டு அவர் கட்டில் பக்கத்துக் கதிரையில் போய் இருப்பேன். அவர் வயலைப் பற்றிக் கேட்பார், குத்தகைக்கு எடுத்தவன் களை பிடுங்கினானா என்பார். நான் பதில் சொல்வேன். வெளிச்சம் குறைந்ததும் நுளம்புவலையைக் கட்டிவிட்டு அறைக்குப் போவேன். அவர் கேட்காமல் நானாகப் போய்ப் படுக்க எனக்கு மனம் வரவில்லை. குளிக்க வார்ப்பது, உடுப்பு மாற்றுவது, சாப்பாடு கொடுப்பது என்று எல்லாமே என் விருப்பப்படி நடந்த வீட்டில், இது ஒன்றாவது அவர் விருப்பத்தில் நடக்கட்டும் என்றிருந்தேன்.

பங்குனி வெயில் தொடங்கியிருந்தது. பைக்குள் சிறுநீர் தேத்தண்ணிச் சாயம் போல் இறங்கியது. கேட்டால் "வெக்கைக்கு" என்பார். தண்ணிப் போத்தலை அவர் கைக்கெட்டும் இடத்தில் வைப்பேன். அது வெறுமையாகியே இருக்கும். குடிக்கிறார் என்று நினைத்தேன்.

ஒரு நாள் மத்தியானம், சாப்பாடு முடிந்து பீங்கான் எடுக்கப் போனபோது பார்த்தேன். முகம் வழித்திருந்தார். தலையும் வாரி இழுத்திருந்தார். பையைக் கட்டிலின் மறுபக்கச் சட்டத்தில் கீழே கொழுவியிருந்தார். அதன் அடியில் கொஞ்சம்தான் இருந்தது.

"இஞ்சை வாரும்" என்றார். "கொஞ்ச நேரம் இதிலை படுமன்."

பீங்கானை நிலத்தில் வைத்தேன். கேற்றைப் போய்ப் பூட்டிவிட்டு வந்தேன். ஒற்றைக் கட்டில் என்பதால் ஒருக்களித்துத்தான் படுக்க முடிந்தது. என் தலையைத் தன் தோளில் வைக்கச் சொன்னார். வைத்தேன். அவர் கழுத்தில் அப்படி ஒரு சூடு. எத்தனை காலத்துக்குப் பிறகு ஓர் ஆளின் சூடு என்று எனக்குக் கண் நிறைந்தது. அவர் தோள் நடுங்கியது. அவரும் அழுகிறார் என்று நினைத்து, நெஞ்சைத் தடவிக்கொடுத்தேன்.

நடுக்கம் நிற்கவில்லை. பல்லோடு பல் அடிக்கத் தொடங்கியபோதுதான் எழும்பி முகத்தைப் பார்த்தேன். அழவில்லை. உதடு நீலம் பாரித்திருந்தது. உடம்பு நெருப்பாய்க் கொதித்தது. இடுப்பில் கட்டியிருந்த சாரம் முன்பக்கத்தில் நனைந்திருந்தது. குழாயால் வர வேண்டியது வராமல், பழைய வழியால் கசிந்திருந்தது.

பக்கத்து வீட்டு ஆட்டோவில் முல்லைத்தீவு ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனோம். குழாயின் வாய் மண்டி பிடித்து அடைபட்டிருந்தது. பழையதைக் கழற்றிப் புதுக் குழாய் போட்டதும், சோறு வடித்த கஞ்சி மாதிரி ஒரு கலங்கல் பாய்ந்து வந்தது. அதில் கொஞ்சம் சோதனைக்கு அனுப்பினார்கள். நரம்பால் மருந்து ஏறியது. கிருமி இரத்தத்திலும் கலந்திருக்கலாம், இன்னும் பிந்தியிருந்தால் ஆபத்து என்று டொக்டர் சொன்னார். அடுத்த நாளெல்லாம் இவர் நினைவில்லாமல் உழவு இயந்திரத்தை நிற்பாட்டச் சொல்லிக்கொண்டிருந்தார். நான் நிற்பாட்டியாயிற்று என்று சொல்லிக்கொண்டிருந்தேன்.

காய்ச்சல் இறங்கிய பிறகு டொக்டர் கேட்டார், தண்ணி எவ்வளவு குடிப்பீர்கள் என்று. நான் வாய் திறக்க முன் இவர் சொன்னார்.

"குடிக்கிறேல்லை. பூச்சட்டிக்குள்ளை ஊத்திப்போடுவன்."

டொக்டர் கொஞ்சம் கோபப்பட்டார். அவர் போன பிறகு நான் கதிரையைக் கிட்ட இழுத்துப் போட்டேன்.

"ஏன் இப்பிடிச் செய்தனீங்கள்?"

முகட்டைப் பார்த்துக்கொண்டு கிடந்தார். "பை நிறைஞ்சு தொங்கினா, நீர் பக்கத்திலை வர அருவருத்து அரியண்டப்படுவீர் எண்டு. கொஞ்ச நாள் குறைச்சுப் பாப்பம் எண்டு நினைச்சனான்."

"நான் எப்ப அரியண்டப்பட்டனான்?"

"நீர் படேல்லை" என்றார். "நான்தான் பட்டனான்."

எனக்குக் கோபமும் வந்தது, அழுகையும் வந்தது. வாட்டில் இரண்டு பக்கமும் ஆட்கள் இருந்ததால் குரலைத் தாழ்த்தினேன். "உந்தப் பை நிறைஞ்சிருந்தாத்தான் எனக்கு நிம்மதி. அது காஞ்சு கிடந்தா நான் ஆரோடை படுக்கிறது?"

அவர் சிரித்தார். சிரித்தால் வயிற்றில் துளை வலிக்கும் போல இருக்கிறது என்று கையை வைத்துக்கொண்டார். அவருக்கு அந்த இடத்தில் நோவு தெரியாது. பழக்கத்தில் வைத்தது.

வீட்டுக்கு வந்ததும் ஆசாரியைக் கூப்பிட்டு, எங்கள் பழைய கட்டிலின் காலுக்கு அடியில் மரக்குற்றி வைத்து, சக்கர நாற்காலியின் உயரத்துக்கு உயர்த்தினோம். விறாந்தைக் கட்டிலில் இப்போது நெல்லு மூட்டை கிடக்கிறது. கரைச்சல் தீர்ந்துவிட்டது என்று சொல்லமாட்டேன். ஆவணியில் திரும்பவும் காய்ச்சல் வந்தது. அந்த முறை குளிர் பிடித்த உடனேயே போனபடியால் கெதியாகச் சுகம் வந்தது. குழாய் மாற்றும் நாள்களில் இப்போதும் எனக்குச் சாப்பாடு இறங்காது.

மாரி தொடங்கி வேலைகள் ஓய்ந்த ஒரு பின்னேரம் இரண்டு பேரும் அறையில் படுத்திருந்தோம். தகரத்தில் மழை சத்தமாகப் பெய்தது. குழாயை வயிற்றோடு ஒட்டியிருந்தேன். அவர் கண்ணை மூடிக்கொண்டிருந்தார், நித்திரை என்று நினைத்தேன்.

"இப்ப கை எங்கை வைச்சிருக்கிறீர்?" என்று கேட்டார்.

"உங்கடை முழங்காலிலை."

கொஞ்ச நேரம் மழையைக் கேட்டுக்கொண்டிருந்தார். அந்தக் காலின் நினைவைத் தேடிப் போகிறார் என்று எனக்குத் தெரிந்தது. அங்கே என்னால் கூடப் போக முடியவில்லை.

"எடுக்காதேயும்" என்றார். "அங்கையே இருக்கட்டும்."