மாமாவின் ஒரே நாடகம்

அம்மாவின் தம்பி, என் மாமா, ஒரே நாடகத்தை வைத்துக்கொண்டு மேடை, ரேடியோ, டி.வி. மூன்றிலும் பேர் வாங்கியவர். அந்த நாடகத்தின் கதாநாயகி என் அம்மா. திருத்துறைப்பூண்டிப் பக்கத்து எங்கள் தெருவில் இது சின்னப் பிள்ளைக்கும் தெரியும்.

நான் மூன்றாவது படிக்கும்போது, அறுவடைக் கூலியில் அரை மரக்கால் நெல் கூடக் கேட்டுத் தெருவே வேலையை நிறுத்தியது. ஆட்சி மாறி, பண்ணையாரும் கரைவேட்டிக்கு மாறியிருந்த சமயம். அவர் கொடுத்த புகாரில் மாமாவைப் போலீஸ் அடித்து இழுத்துக்கொண்டு போனது. அம்மா அரிவாளோடு வரப்பில் போய் உட்கார்ந்தாள். நாலாம் நாள் மாமா வீடு வந்துவிட்டார். அம்மாவுக்குப் பயந்துதான் பண்ணையார் விட்டுவிட்டார் என்று தெரு பேசியது. மாமா அதை அப்படியே எழுதிக் களத்தில் மேடை போட்டார். அம்மா வேஷம் கட்டியவர் டெய்லர், மீசையை எடுத்திருந்தார். அவர் அரிவாளை ஓங்கியபோது பறந்த விசிலில் எனக்குத் தலைகால் புரியவில்லை. ஒரு மாதம் பள்ளிக்கூடத்தில் யாரும் என்னிடம் வம்புக்கு வரவில்லை.

அடுத்த வருஷம் நாடகத்தை ரேடியோவில் எடுத்தார்கள். சாயங்காலம் பஞ்சாயத்து ரேடியோ முன்னால் தெருவே கூடியது. கடைசிக் காட்சியில் அரிவாளைக் காணோம். அந்தப் பெண் பண்ணையாரின் டவுன் பங்களாவுக்குப் போய், "தப்புதாங்க ஐயா, தம்பிய விட்டுடச் சொல்லுங்க" என்று அழுதாள்.

"ரேடியோக்காரனுக்குப் பயந்து மாத்திப்புட்டான்" என்று யாரோ துப்பினார். எனக்கு மானம் போயிற்று. அம்மா எழுந்து வீட்டுக்கு வந்துவிட்டாள்.

மறுவாரம் மாமா வந்தபோது நான் வாசலை மறித்துக்கொண்டு, "எங்கம்மா யார் வீட்டுலயும் போயி நிக்கல. பொய் எழுதிட்டீங்க" என்று கத்தினேன். மாமா என்னைப் பார்க்கவில்லை, அம்மாவைப் பார்த்தார். அம்மா மீன் ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"அந்த பங்களா கேட்டுல மணி கட்டியிருக்கும்டா. தள்ளுனா அடிக்கும். அத வுட்டுட்டியே" என்றாள், தலையை நிமிர்த்தாமல்.

மாமா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். "இத்தன நாளா எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலியேக்கா" என்றார்.

பல வருஷம் கழித்து டி.வி.யில் வந்தபோது அந்த மணி அடித்தது. ஆனால் மாமா வந்த அன்றைக்கு எனக்கு அம்மா மேல்தான் ஆத்திரம். பொய் எழுதியவருக்கு ஒத்தாசை வேறு செய்கிறாளே என்று சோறு வேண்டாமென்று படுத்துவிட்டேன். எங்கள் தெருவில் ஒருவரும் கால் வைத்திராத அந்த பங்களாவின் கேட்டை அம்மா எப்போது தள்ளினாள் என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை.