வாயில் வராத வேட்பாளர்

கெரெபீதித் தொகுதி எங்கே இருந்தது என்று இன்று கேட்டால் உதட்டைப் பிதுக்குவார்கள். பெங்களூர்ப் பேட்டைக்கும் கண்டோன்மென்ட்டுக்கும் நடுவே, ஏரியை ஒட்டிய நாலைந்து தெருக்கள்தான் அது. ஆரம்பத்தில் தாலுகா அதிகாரியான அமல்தார் கண்ணில் பட்ட பெரிய மனிதர் யாராவது சரிகைத் தலைப்பாகையோடு தசராவுக்கு மைசூர் போய், மகாராஜாவின் பிரதிநிதி சபையில் உட்கார்ந்துவிட்டு வருவார். பிறகு வீட்டுவரி கட்டுகிறவர்களுக்கு வோட்டு வந்தது. அப்புறம் பெண்களும் போடலாம் என்றார்கள். நான் குடியிருந்த கண்டோன்மென்ட் வெள்ளைக்காரன் கையில் இருந்ததால் எங்களுக்கு அந்த வோட்டே கிடையாது. ஆனாலும் பெண்கள் வரிசைக்கு உதவியாளாக என்னைத்தான் கூப்பிட்டார்கள். அல்போன்சா டீச்சருக்குத் தமிழும் கன்னடமும் தெரியும், குரலும் கணீரென்று இருக்கும் என்று யாரோ சொல்லி வைத்திருக்கிறார்கள்.

அனந்தலக்ஷ்மியை நான் முதலில் பார்த்தது அங்கேதான். அவள் கணவர் ஆராவமுதன், ரெவின்யூ இலாகாவில் சிரஸ்தாராக இருந்து ஓய்வு பெற்றவர், அந்த முறை தொகுதிக்கு நின்றார். எதிர்த்து நின்றவர் ஒரு நூல் வியாபாரி. வீடு அனந்தலக்ஷ்மிக்குப் பிறந்த வீட்டார் கொடுத்தது, வரியும் அவள் பெயரில்தான். அதனால் அவளுக்கும் வோட்டு. கேட்டதற்குப் பயப்படாமல் பதில் சொல் என்று சொல்லி அனுப்பியிருக்கிறார் மனிதர். இத்தனை வருஷக் குடித்தனத்தில் மனைவி தன் பெயரைச் சொல்லி ஒரு தடவைகூடக் கேட்டதில்லை என்பது அந்தப் புத்திசாலிக்குத் தோன்றவே இல்லை.

வோட்டுச் சீட்டில் பெயர்கள் கன்னடத்திலும் இங்கிலீஷிலும் இருந்தன. அவளுக்குத் தமிழ் மட்டும்தான் படிக்க வரும். படிக்க முடியாதவர்கள் பெயரை வாய்விட்டுச் சொல்ல வேண்டும், அதிகாரி குறி போடுவார். அதுதான் அன்றைய சட்டம்.

"யாருக்கும்மா வோட்டு?" என்று கேட்டேன்.

"அவருக்குத்தான்."

"அவருன்னா?"

"ஆத்துல இருக்கறவருக்கு."

வரிசையில் சிரித்தார்கள். "பேர் சொல்லணும் மாமி" என்றேன். அவள் புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"சொன்னா அவர் ஆயுசு குறைஞ்சுடும், டீச்சர். பாசுரத்துல அவர் பேரையே வெச்சிண்டிருக்கற பெருமாள் வந்தாக்கூட நான் வாயை மூடிண்டுடுவேன். நீங்க சொல்லுங்கோ, நான் தலையாட்டறேன்."

வியாபாரியின் ஏஜென்ட் துள்ளி எழுந்தான். "டீச்சர் எடுத்துக் குடுக்கக்கூடாது, ஸார்!" என்றான். அதிகாரியும் ஆமாம், அதுதான் ரூல் என்றார். எனக்கு வந்த கோபத்துக்கு இருவரையும் பெஞ்சு மேல் நிறுத்தியிருப்பேன். அவள் தலைப்பை வாயிலிருந்து எடுக்காமலே திரும்பிப் போய்விட்டாள். சீட்டு குறியில்லாமல் பெட்டிக்குள் விழுந்தது.

எண்ணிப் பார்த்தபோது இரண்டு பேருக்கும் சமமான வோட்டு. செம்பில் இரண்டு துண்டுச் சீட்டைப் போட்டுக் குலுக்கினார்கள். வியாபாரியின் பெயர் வந்தது.

ஆராவமுதன் மனைவியைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் அவள் பிழைத்திருப்பாள். "சொல்லியிருக்கலாமே" என்று ஒரே ஒரு தடவை சொன்னாராம். அடுத்த மார்கழியில், குளித்துவிட்டு வந்தவர் கூடத்தில் சாய்ந்தார், எழுந்திருக்கவில்லை. எந்த உயிருக்காக அவள் வாயை மூடினாளோ அது ஒரு வருஷம்கூட நிற்கவில்லை.

சில காலம் கழித்து மார்க்கெட்டில் என்னைப் பார்த்ததும் அவள் பின்வாங்கினாள்.

"மத்தியானம் மத்தியானம் ஏன் வரேள், டீச்சர்?" என்றாள்.

"நானா? எங்க?"

"எங்காத்துக்குத்தான். அடுப்பங்கரைல நிப்பேன். பின்னாலேர்ந்து உங்க குரல் கேக்கும், 'யாருக்கும்மா வோட்டு'ன்னு. திரும்பினா யாரும் இல்லை."

எனக்கு எரிச்சலாக வந்தது. உயிரோடு இருக்கிறவளைப் பேயாக்கிவிட்டாளே! மத்தியானங்களில் நான் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு வாய்ப்பாடு சொல்லிக்கொண்டிருப்பேன் என்று சொன்னேன். அவள் நம்பவில்லை. அன்றிலிருந்து எனக்கும் நிம்மதி போயிற்று. பாடம் நடத்தும்போது திடீரென்று என் குரல் எனக்கே தூரத்தில் கேட்கும். அங்கே அந்தப் பெண் கரண்டியோடு நடுங்கிக்கொண்டிருப்பாள் என்று தோன்றும். பிள்ளைகள் முன்னால் வாய்ப்பாட்டைத் தப்பாகச் சொல்லியிருக்கிறேன்.

"பதில் சொல்லிடுங்களேன் மாமி, விட்டுப் போயிடும்" என்று ஒருமுறை சொல்லிப் பார்த்தேன். போன பிறகும் அவர் அவர்தானே, பேரை எப்படிச் சொல்றது என்றாள்.

இடையில் வந்த தேர்தல்களுக்கு அவள் எட்டிப் பார்க்கவில்லை. யுத்தம் நடந்துகொண்டிருந்தபோது ஒரு தேர்தல் வந்தது. கெரெபீதித் தொகுதியைப் பிரித்துப் பக்கத்துத் தொகுதிகளோடு சேர்க்கப் போவதாகப் பேச்சு, இதுதான் கடைசி என்றார்கள். அன்று வெள்ளைப் புடவையில், முக்காடு போட்டு, சுவரைப் பிடித்தபடி அவள் வந்தாள். என் முன்னால் நிமிர்ந்து நின்றாள்.

"யாருக்கும்மா வோட்டு?"

"ஆராவமுதனுக்கு" என்றாள். கூடம் முழுக்கக் கேட்டது.

அதிகாரி புது ஆள். சீட்டை மேலும் கீழும் பார்த்தார். "ஆ ஹெஸரு இல்லம்மா, அந்தப் பேர்ல யாரும் நிக்கலையே" என்றார்.

"நின்னார்" என்றாள். வேறு பெயர் சொல்ல மாட்டேன் என்றுவிட்டாள். அந்தச் சீட்டும் வெறுமையாகவே பெட்டிக்குள் போனது. எனக்கு மட்டும் நெஞ்சிலிருந்து ஒரு பாரம் இறங்கியது. இனி அவள் வீட்டுக்கு என் குரல் போகாது என்று நினைத்தேன்.

போகத்தான் இல்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை நான் சர்ச்சில் பூசை முடிந்து திரும்பியபோது, அனந்தலக்ஷ்மி என் வீட்டு வாசல்படியில் உட்கார்ந்திருந்தாள். அழுது அழுது கண் வீங்கியிருந்தது.

"நீங்க வரதே இல்லையே, டீச்சர்" என்றாள். "ஆத்துல எல்லாம் வெறிச்சுனு கிடக்கு. அவரைப் பத்திக் கேக்கறதுக்கு இந்த ஊர்ல வேற யார் இருக்கா? ஒரே ஒரு தடவை கேளுங்கோ."

என்னால் முடியாது என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். அவள் முகத்தைப் பார்த்தேன். கேட்டேன்.

அவள் கண்ணை மூடிக்கொண்டு, சின்னப் பெண் மாதிரி வெட்கப்பட்டு, அந்தப் பெயரைச் சொன்னாள். பிறகு கண்ணைத் திறந்து, "இன்னொரு தடவை" என்றாள்.