மோர்டாக் என்று பெயர் வாங்கியவர்

ஜேபெஸ் ஆர்மராடுக்கு அந்தப் பெயரை வைத்தவள் நான்தான். என் வாய்க்கொழுப்பு.

இங்கிலாந்தில், பர்ன்லியில் எங்கள் தறிக்கூடத்துப் பெண்கள் எல்லோரும் பார்த்த நாடகம் அது. கண்ணாலேயே பெண்களை ஆட்டிப்படைக்கும் வில்லன் மோர்டாக். அதற்கப்புறம், ஆளை மயக்கிக் காரியம் சாதிக்கிற எவனும் எங்களுக்கு மோர்டாக்தான். ஜேபெஸ் மரஅடிச் செருப்பு செய்கிறவர். மனைவி இல்லை. நாங்கள் பாடுகிற சர்ச் பாட்டுக்குழுவை நடத்தினார். எங்களோடு நெய்கிற ஹெட்டி அவர் முகத்தை விட்டுக் கண்ணெடுக்காமல் பாடுவாள். போதாதா?

தறிச் சத்தத்தில் பேசினால் கேட்காது, உதட்டசைவில்தான் பேசிக்கொள்வோம். அப்படித்தான் "மோர்டாக்" ஊர் முழுக்கப் பரவியது. அவர் எங்கள் செருப்புக்கு லாடம் அடித்துத் தரும்வரை கடையில் உட்கார்ந்திருக்கும்போதுகூட, சத்தமில்லாமல் சொல்லிச் சிரித்தோம்.

கிறிஸ்துமஸ் கச்சேரிக்கு முன்னால் சர்ச் பெரியவர்கள் பாட்டுக்குழு முழுவதையும் கூப்பிட்டுக் கூட்டம் போட்டார்கள். தலைவர் கிரிம்ஷா கேட்டார்.

"அந்தப் பொண்ணுக்கு என்னய்யா வசியம் வெச்சிருக்கே?"

ஜேபெஸ் தலையைக் குனிந்துகொண்டார்.

"அவ தனியா பாடுறப்போ நீ வெளியே நில்லு. இல்லேன்னா வேற பொண்ணு பாடட்டும்."

"வெளியவே நிக்கறேங்க. அவளே பாடட்டும்."

ஹெட்டி எழுந்தாள். பெரியவர்களுக்கு முதுகைக் காட்டி, எங்களைப் பார்த்து உதட்டை மட்டும் அசைத்தாள்: 'எனக்குக் காது போயிடுச்சுடி. அவர் வாயைப் பார்த்துத்தான் பாடுறேன். தெரிஞ்சா என்னைப் பாட விடமாட்டாங்க.'

பின்வரிசைகளில் அறுபது பெண்கள். எல்லோருக்கும் புரிந்தது. எனக்கு வெட்கம் தாங்கவில்லை. எழுந்து நின்றேன்.

"அவர் வெளியே நின்னா, நாங்க அத்தனை பேரும் வெளியதான் நிப்போம். நீங்களே பாடிக்குங்க."

மற்றவர்களும் எழுந்தார்கள். கிரிம்ஷா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "சரி, உள்ளேயே இருக்கட்டும்" என்றார்.

கூட்டம் கலைந்ததும் ஜேபெஸ் எதிரே வந்தார். வாய்விட்டுச் சொல்ல எனக்குத் துணிச்சல் வரவில்லை. உதட்டை மட்டும் அசைத்தேன்: 'மன்னிச்சிடுங்க.'

அவர் உதடும் சத்தமில்லாமல் அசைந்தது: 'பரவாயில்லம்மா.'

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. "எங்க பேச்சு உங்களுக்குத் தெரியுமா?"

"ஹெட்டிக்காகக் கத்துக்கிட்டேன். ரெண்டு வருஷமாச்சு."

இரண்டு வருடமாக அவர் கடையில் உட்கார்ந்து நாங்கள் சொல்லிச் சிரித்த ஒவ்வொன்றையும், எங்கள் எதிரிலேயே செருப்புக்கு லாடம் அடித்துக்கொண்டே, அவர் எங்கள் உதட்டில் படித்திருக்கிறார்.