அப்பா பிரதியெடுத்த வருகைப் புத்தகம்

அப்பா எங்களை விட்டுப் போய் இன்று பதினாறாம் நாள். பந்தியில் உட்காரும் முன் இந்த நினைவு மலரைப் புரட்டுகிறவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். நான் பயந்த சுபாவக்காரி. இதையும் பயந்துகொண்டேதான் எழுதுகிறேன்.

மலையாளச் சீமையைச் சேர்ந்த மறையூரில் கரும்பு வெட்டும் குடும்பத்தில் அப்பா பிறந்தார். வெல்லம் காய்ச்சும் அடுப்புக்குச் சக்கை அள்ளிப் போட்டுக்கொண்டே படித்து ஆசிரியரானார். காந்தலூருக்கு மேலே, ஒரே ஆசிரியர் உள்ள தமிழ்ப் பள்ளியில் வேலை. ஜீப் ஏறாத மழை நாள்களில் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நடந்தே போவார். பிள்ளைகளின் வருகையும் அப்பாவின் கையொப்பமும் ஒரே புத்தகத்தில், தமிழில் இருந்தன.

ஒரு வருடம் தணிக்கைக்கு வந்த அதிகாரி, தனக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது, மலையாளத்தில் எழுதி வையுங்கள் என்று வாய்வார்த்தையாகச் சொல்லிவிட்டுப் போனார். பிரதி என்றால் அசல் மாதிரியே இருக்க வேண்டும் என்பது அப்பாவின் எண்ணம். கோடை விடுமுறை முழுக்க உட்கார்ந்து மூன்று வருடப் பெயர்களையும் வருகையையும் மலையாளத்தில் எழுதினார். ஒவ்வொரு நாளுக்கும் தன் கையொப்பத்தையும் போட்டார். ஒரே பேனா, ஒரே மை. 'பிரதி' என்று மட்டும் எங்கும் எழுதவில்லை. பிறகு ஒரு மழையில் பள்ளிக் கூரை பிரிந்தபோது, ஊர்க்காரர்கள் சாமான்களை ஆளுக்கொரு வீட்டுக்குத் தூக்கிப் போனார்கள். அசல் அதோடு காணாமல் போனது.

ஓய்வு பெற்றபோது அந்தப் பிரதி கழுத்தைப் பிடித்தது. மூன்று வருடக் கையொப்பமும் ஒரே மூச்சில் போட்டதுபோல இருக்கிறதே என்று கேட்டு ஓய்வூதியத்தை நிறுத்திவைத்தார்கள். அப்பா வழக்குப் போட்டார். அரசின் எதிர்மனுவில் 'போலிப் பதிவேடு' என்று எழுதியிருந்தது. அசல் கிடைக்காவிட்டால் போலீஸ் கேஸாகவும் ஆகலாம் என்று வக்கீல் சொன்னார்.

அதன்பின் ஏற்றத்தில் ஜீப் சத்தம் கேட்டால், சாப்பாட்டை அப்படியே விட்டுவிட்டு எழுந்துபோய்ச் சட்டையை மாட்டிக்கொள்வார். போலீஸ் பிடித்துக்கொண்டு போனால் பனியனோடு போகக் கூடாதாம். காய்கறி ஏற்ற வந்த ஜீப் என்று தெரிந்ததும் கழற்றி வைப்பார். நானும் அம்மாவும் சிரிப்போம். சிரித்துவிட்டுக் கதவைத் தாழிடுவோம்.

நான் அரசு அலுவலகத்தில் எழுத்தர். என் வேலைக்கும் கேடு வருமோ என்று தூக்கம் போனது. ஒரு நாள் கேட்டே விட்டேன்.

"கேஸ வாபஸ் வாங்கிருங்கப்பா. என் சம்பளத்துல இருந்துக்கிருவோம்."

"எனக்கும் பயமாத்தான் இருக்கு தாயி," என்றார். "ஆனா வாபஸ் வாங்குனா, கள்ளக் கையெழுத்துப் போட்டேன்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிரும்ல? அப்ப அந்த மூணு வருசம் பிள்ளைகளுக்குப் பாடம் எடுத்தது யாரு?"

கோபத்தில் நான்கு நாள் அவரோடு பேசவில்லை. பிறகு ஒரு நாள் நெஞ்சுவலி வந்து, ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வந்த ஜீப் சத்தத்துக்கும் அவர் சட்டையைத்தான் தேடினார். நான்தான் மாட்டிவிட்டுப் பொத்தான் போட்டேன். திரும்பி வரவில்லை.

வாரிசு ஒருவர் கையெழுத்திட்டால்தான் வழக்கு தொடர்ந்து நடக்கும் என்றார் வக்கீல். அம்மா என் முகத்தைப் பார்த்தார். நேற்று போட்டேன். நடுக்கத்தில் அது என் கையெழுத்து மாதிரியே இல்லை.

அப்பாவுக்குத் தோள் கொடுத்தவர்கள், பதினாறு நாளும் எங்களுக்குச் சோறு கொண்டுவந்த அக்கம்பக்கத்தார், எங்கள் அழுகையைப் பொறுத்துக்கொண்ட வக்கீல், அனைவருக்கும் எங்கள் குடும்பம் கைகூப்புகிறது. இன்னும் ஓர் உதவி வேண்டும். உங்கள் வீட்டுப் பரணில் பழுப்பு அட்டை போட்ட நீளமான புத்தகம் இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள். கிடைக்காவிட்டாலும், அப்பாவிடம் அந்த மூன்று வருடம் படித்தவர்கள் வாய்தா அன்று என்னோடு வாருங்கள். தினமும் காலையில் அவர் உங்கள் பெயரைக் கூப்பிட்டார், நீங்கள் "உள்ளேன் ஐயா" என்றீர்கள். அவரும் அங்கே இருந்தார் என்று ஒரு தடவை சொல்லுங்கள். தனியாகப் போக எனக்குப் பயமாக இருக்கிறது.