நோட்டு அட்டைக்குள் ரஷ்ய நடனம்

புதுச் செருப்புப் பெட்டியைத் திறந்து, இரண்டு சொட்டு மண்ணெண்ணெய் விட்டு மூடி, மறுநாள் காலையில் அதற்குள் மூக்கை நுழைத்தால் என்ன வாசனை வருமோ, அதுதான் என் எட்டாம் வகுப்பின் வாசனை. அந்த வாசனை அடித்த தாளுக்கு எங்கள் தெருவில் "ரஷ்யாத் தாள்" என்று பெயர். வழவழவென்று இருக்கும், கையில் எடுத்தால் கனக்கும், லேசில் கிழியாது. ஆலங்குடிக்கும் புதுக்கோட்டைக்கும் ஓடிய பஸ்ஸில் கண்டக்டராக இருந்த என் அப்பா, புத்தகங்களை வேனில் ஏற்றிக்கொண்டு ஊர் ஊராக வந்து விற்றவர்களிடம், தலையணை அகலத்திலும் மொத்தத்திலும் ஒரு ரஷ்யப் புத்தகத்தை வாங்கிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்து சேர்ந்தார். பாலே என்கிற அந்த நாட்டு நடனத்தை அரிச்சுவடியிலிருந்து பழக்கும் ஆங்கிலப் புத்தகம் அது. அப்பா அதைப் படிப்பதற்காக வாங்கவில்லை. "நோட்டுக்கு அட்டை போட இதவிட நல்ல தாளு சிங்கப்பூர்லயும் கெடைக்காது" என்று அம்மாவிடம் கொடுத்துவிட்டுச் சாப்பிட உட்கார்ந்துவிட்டார்.

பள்ளிக்கூடம் திறக்கிற வாரத்தில் அட்டை போடுவது என்பது எங்கள் பக்கத்தில் ஒரு திருவிழா. அம்மா புத்தகத்தைத் தாள் தாளாகக் கழற்றி, எங்கள் வீட்டு நோட்டுகளுக்குப் போட்டது போக, கேட்டு வந்த தெருப் பிள்ளைகளுக்கெல்லாம் வாரி வழங்கினார். ஒவ்வொரு தாளிலும் ஒரு பக்கம் எழுத்து, மறுபக்கம் எண் போட்ட ஒரு படம். முதல் படத்தைப் பார்த்ததும் அம்மாவின் முகம் மாறிவிட்டது. "வயசுப்புள்ளைக காலத் தூக்கிக்கிட்டு நிக்கிதுக. வாத்தியாரு பாத்தா நம்ம வீட்டப் பத்தி என்ன நெனப்பாரு?" என்று சொல்லி, படம் உள்ளே போகும்படி, எழுத்து வெளியே தெரியும்படி அத்தனை நோட்டுக்கும் அட்டை போட்டுச் சோற்றுப் பசையால் லேபிள் ஒட்டிவிட்டார். அதன்பின் எட்டு 'ஏ', எட்டு 'பி' இரண்டு வகுப்பிலும் பாதி நோட்டுகளின் முகத்தில் பொடிப்பொடியாய் ஆங்கிலம். புதிதாக வந்த கணக்கு சார் முதல் நாள் எங்களைப் பார்த்து மிரண்டுதான் போனார். எங்கள் விடைகளைப் பார்த்த பிறகு தெளிந்துவிட்டார்.

ஐப்பசி மழையில் என் அறிவியல் நோட்டு நனைந்து அட்டை தானாகப் பிரிந்துகொண்டபோதுதான் நான் முப்பத்தொன்றாம் படத்தைப் பார்த்தேன். ஒரு பெண் அந்தரத்தில் இருந்தாள். முன்கால் ஒரு திசையில், பின்கால் எதிர்த்திசையில், நடுவில் வளையாத முதுகு. முகத்தில் மட்டும் பஸ்ஸுக்குக் காத்திருக்கிறவர்களின் நிதானம். அதைப் பார்த்ததும் எனக்குத் தோன்றியது கலை உணர்ச்சி இல்லை, சடுகுடுதான். 'ஏ' வகுப்பு அணியில் பாடிப் போகிறவன் நான். எதிரணியில் இரண்டு பேர் கைகோத்துச் "சங்கிலி" போட்டுக் குனிந்து வந்து மடக்கினால், ஒவ்வொரு முறையும் தொப்பென்று விழுந்து மண்ணை முத்தமிடுகிறவனும் நான்தான். 'பி' வகுப்பின் தலைவன் கதிரேசன் எனக்குச் "சாக்கு" என்று பெயர் வைக்கலாமா என்று தன் ஆட்களிடம் கருத்துக் கேட்டுக்கொண்டிருந்த நேரம் அது.

வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கும் பழக்கம் எனக்கு அப்போதும் கிடையாது. "டேய் கதிரேசா, அரையாண்டுப் பரிச்சைக்கு முன்னாடி நடக்குற மேட்ச்சுல ஒஞ் சங்கிலிக்கு மேல பறந்து வாரேன் பாரு" என்றேன்.

"பறக்கலன்னா?"

"சாக்குன்னே கூப்புடு. நானே திரும்பிப் பாக்குறேன்."

எங்கள் ஊரில் ஒருவனுக்குப் பட்டப்பெயர் விழுந்தால், அவன் கல்யாணப் பத்திரிகையில் அடைப்புக்குறிக்குள் அச்சாகிற வரைக்கும் அது விடாது. வீடு திரும்பும் வழியெல்லாம் "ராசு (எ) சாக்கு" என்று மனதுக்குள் அச்சடித்துப் பார்த்து வியர்த்தேன்.

பறக்க வேண்டுமானால் புத்தகம் வேண்டும். புத்தகமோ இரண்டு வகுப்புகளில் சிதறிக் கிடந்தது. ஒரு நோட்டைப் பிரித்துப் படம் பார்த்துவிட்டு மறுபடி மடித்துக் கொடுக்க ஓர் இலந்தைவடை என்று கூலி பேசிக்கொண்டு அலைந்தேன். இப்படி ஏழாம் படம் தமிழ் நோட்டிலும், பன்னிரண்டாம் படம் ஒருத்தியின் புவியியல் நோட்டிலும் கிடைத்தன. எல்லாப் படங்களிலும் அந்தப் பெண்கள் ஒரு நீளக் கம்பியைப் பிடித்துக்கொண்டு காலை முன்னே, பக்கவாட்டில், பின்னே என்று தூக்கினார்கள். எங்கள் ஊரில் அப்படி ஒரு கம்பி ரேஷன் கடை வாசலில்தான் இருந்தது. வரிசையில் நிற்பதற்காகப் பதித்த இரும்புக் குழாய். கடை பூட்டியிருக்கும் சாயங்காலங்களில் அதைப் பிடித்துக்கொண்டு பயிற்சியைத் தொடங்கினேன்.

மூன்றாம் நாள், பின்னங்காலைத் தூக்கியபடி திரும்பிப் பார்த்தால் எனக்குப் பின்னால் நான்கு பெண்கள் கையில் பையோடு நிற்கிறார்கள்.

"சீனி போடுறாகளாப்பா?" என்றார் முதலில் நின்றவர்.

"இல்லக்கா, நா சும்மா காலத் தூக்கிக்கிட்டு இருக்கேன்."

"சும்மா தூக்குறவன் ரேஷன் கட வாசல்ல வந்தா தூக்குவ? நீ முன்னாடி பாரு, தம்பி. எடத்த விட்றாத."

கடைக்காரர் சைக்கிளில் அந்தப் பக்கம் வந்து விளக்கம் சொன்ன பிறகுதான் வரிசை கலைந்தது. கலைந்தவர்கள் சொன்ன வார்த்தைகளை இங்கே எழுத முடியாது.

தாவக் கற்றுக்கொண்டேன் என்பது உண்மை. இறங்கக் கற்றுக்கொள்ளவில்லை என்பதும் உண்மை. விறைத்த காலோடு மண்ணில் இறங்கும்போது நடு உச்சி வரைக்கும் "டங்"கென்று ஓர் அதிர்ச்சி போய்த் திரும்பும், பிறகு விழுவேன். கணுக்கால் வீங்கிவிட்டது. மேட்ச்சுக்குப் பத்து நாள்தான் இருந்தது. பறக்கிற படம் முப்பத்தொன்று என்றால் இறங்குகிற படம் முப்பத்திரண்டாகத்தான் இருக்க வேண்டும். விசாரித்துக்கொண்டே போனதில் அது யாருடைய நோட்டில் இருந்தது என்று நினைக்கிறீர்கள்? கதிரேசனின் வரலாற்று நோட்டில்.

அவன் இலந்தைவடைக்கு மசியவில்லை. "ஒரு வாரம் என்னோட நாலுகோட்டு இங்கிலீசு நோட்ட நீ எழுதிக் குடு" என்றான். எழுதிக் கொடுத்தேன். எனக்கே எழுதாத கையெழுத்தில், எதிரிக்கு ஆங்கிலம் எழுதினேன். எட்டாவது நாள் அவன் அட்டையைக் கழற்றி நீட்டினான். ஆவலோடு திருப்பினால், படத்தில் ஒரு பெண் சாதாரணமாக நின்றுகொண்டிருந்தாள். கீழே ஒரே ஒரு வரி. அதில் எனக்குப் புரிந்தது கடைசியில் இருந்த மூன்று என்கிற எண் மட்டும்தான். மூன்றாம் படத்தைப் பார் என்கிறது என்று எடுத்துக்கொண்டேன்.

மிச்சமிருந்த இரண்டு நாளும் மூன்றாம் படத்தைத் தேடித் தெருவில் நான் பிரிக்காத நோட்டு இல்லை, வாங்காத திட்டும் இல்லை. மேட்ச்சுக்கு முந்தின சாயங்காலம், சோர்ந்து போய்க் கணக்கு வீட்டுப்பாடத்தையாவது எழுதலாம் என்று உட்கார்ந்தபோதுதான் ஒன்று உறைத்தது. ஊரார் நோட்டையெல்லாம் பிரித்த நான் என் கணக்கு நோட்டைப் பிரித்துப் பார்க்கவில்லை. அந்த நோட்டைத் திறக்கும் பழக்கமே எனக்கு இல்லாததால் அது புத்தம் புதுசாக, லேபிள்கூட உரியாமல் இருந்தது. அட்டையைக் கழற்றினேன். மூன்றாம் படம். ஒரு சிறுமி, கம்பியைப் பிடித்துக்கொண்டு, குதிகால் தரையில் பதிய, முதுகு நிமிர, முழங்காலை மடக்கி லேசாக இறங்கி நின்றாள். அவ்வளவுதான். ஆறு மாதமாக என் பையிலேயே இருந்திருக்கிறாள்.

படத்தை எட்டிப் பார்த்த அம்மாவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. "மொழங்கால மடக்குறதுக்கா அவனுக்கு ஒரு வாரம் எழுதிக் குடுத்த? கடலக் கூடையத் தலையில வச்சுக்கிட்டு நா தெனமும் வாய்க்காலத் தாண்டுறேனே, ஒங் கண்ணு எங்கிட்டுப் போச்சு?" என்றவர், விளக்கை ஏற்றிவிட்டு, முற்றத்தில் இருபது தடவை என்னைக் குதிக்க வைத்தார். இருபதாவது தடவை சத்தமே வரவில்லை.

மறுநாள் மேட்ச்சில் கடைசிப் பாட்டு என்னுடையது. இரண்டு அணியும் சமம். ஒரு புள்ளி எடுத்தால் நாங்கள், பிடிபட்டால் சாக்கு. பாடிக்கொண்டே உள்ளே போனேன். கதிரேசனும் இன்னொருவனும் சங்கிலி போட்டு, எனக்கும் நடுக்கோட்டுக்கும் இடையில் குனிந்து வந்தார்கள். மூன்று எட்டு ஓடித் தாவினேன். அது முப்பத்தொன்றாம் படம் போல இருந்ததா என்று கேட்டால், முப்பத்தொன்றாம் படத்தின் மேல் யாரோ உட்கார்ந்து எழுந்தது போல இருந்தது என்று பார்த்தவர்கள் சொன்னார்கள். அந்த ரஷ்யப் பெண்களுக்கு வாயை மூடிக்கொண்டு நிதானமாகப் பறக்கும் வசதி இருந்தது; நான் "சடுகுடு சடுகுடு" என்று மூச்சு விடாமல் பறக்க வேண்டியிருந்தது. போகிற போக்கில் என் பெருவிரல் கதிரேசனின் உச்சந்தலையைத் தொட்டது. அப்புறம் மண். குதிகால் பதிந்தது, முழங்கால் மடங்கியது, முதுகு நிமிர்ந்தே இருந்தது. விழவில்லை. இரண்டு எட்டில் கோட்டைத் தாண்டிவிட்டு, பாட்டை நிறுத்த மறந்து, எங்கள் பக்கத்தில் நின்றவர்களிடமும் சடுகுடு பாடிக்கொண்டே ஓடினேன்.

தலையைத் தடவிக்கொண்டு வந்த கதிரேசன், "எத்தனாவது படம்டா அது?" என்று மட்டும் கேட்டான்.

அடுத்த நாள் காலையில் கணக்கு சாரின் மேசையில் நோட்டுகளை அடுக்கியபோது, இரண்டு வகுப்பிலும் ரஷ்யாத் தாள் போட்ட நோட்டுகளிலெல்லாம் படம் வெளியே தெரியும்படி அட்டைகள் திரும்பியிருந்தன. காலைத் தூக்கிய பெண்களும் கைவிரித்த பெண்களும் அந்தரத்தில் மிதந்த பெண்களும் மேசை முழுக்க நின்றார்கள். சார் ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்துவிட்டு, "கணக்கத் தவிர மத்த எல்லாம் நல்லாத்தான்டா படிக்கிறீங்க" என்றார். என் கணக்கு நோட்டின் அட்டையை மட்டும் நான் திருப்பவில்லை. விடியற்காலையிலேயே அம்மா திருப்பிப் போட்டு, மூன்றாம் படத்துப் பெண்ணின் கால் மறையாதபடி ஓரமாக லேபிள் ஒட்டியிருந்தார்.

இன்று அந்த வேன் வருவதில்லை. அந்தத் தாளை அச்சடித்த நாடு பல நாடுகளாகப் பிரிந்துவிட்டது. நோட்டுகள் கடையிலேயே அட்டையோடு கிடைக்கின்றன. அவற்றுக்கு எந்த வாசனையும் இல்லை. ரேஷன் கடை வேறு கட்டடத்துக்குப் போனபோது அந்த இரும்புக் குழாயையும் பிடுங்கிவிட்டார்கள். என் பட்டப்பெயர் மட்டும் பத்திரிகையில் ஏறவே இல்லை. என் கல்யாணத்துக்கு வளைகுடாவிலிருந்து வாழ்த்து அனுப்பிய கதிரேசன்கூட "ராசு" என்றுதான் எழுதியிருந்தான்.

போன மாதம் முழங்கால் வலி என்று ஆஸ்பத்திரிக்குப் போனேன். பயிற்சி சொல்லித்தந்த பெண் ஒரு தாளைக் கொடுத்தார். கம்பியைப் பிடித்துக்கொண்டு, குதிகால் பதிய, முதுகு நிமிர, முழங்காலை மடக்கி நிற்கும் ஓர் உருவம். "இத நீங்க இதுக்கு முன்னாடியே செஞ்சிருக்கீங்களா சார், இவ்வளவு சரியா வருது?" என்றார். நான் ரொம்ப அடக்கமாக, கொஞ்சம் செய்திருக்கிறேன் என்றேன்.

இப்போது தினமும் காலையில் என் வீட்டு வாசல் கேட்டைப் பிடித்துக்கொண்டு மடங்கி நிமிர்கிறேன். நேற்று அப்படி நின்றபோது, தெருவில் போன ஓர் அம்மா பையோடு நின்று, "என்னங்க, இங்கிட்டு எதுவும் குடுக்குறாங்களா?" என்று கேட்டார்.

"குடுப்பாங்க. பின்னாடி நில்லுங்க" என்றேன். எத்தனை பேர் வந்தாலும், இந்த வரிசையில் முதல் ஆள் நான்தான்.