தடையாணையில் ஒரு டீச்சர்

வகுப்பு வாசலில் பியூனின் நிழல் விழுந்தாலே கணக்கு டீச்சருக்குக் கணக்கே மறந்துபோகும், வேலைநீக்க உத்தரவுதானோ என்று. தகுதித் தேர்வு எழுதித் தேறாத ஆசிரியர்களை வேலையிலிருந்து நீக்கலாம் என்று விதி வந்த நாளிலிருந்து இந்தப் பாடு. பாடம் நடத்தியே தலை நரைத்தவரிடம் போய் உனக்குத் தகுதி இருக்கிறதா என்று கேட்டால் யாருக்குத்தான் ஆத்திரம் வராது? வழக்குப் போட்டார். அது முடியும்வரை அவரை நீக்கக் கூடாது என்று நீதிமன்றம் தடை விதித்தது. அதன்பிறகு நித்திய கண்டம், பூரண ஆயுசு.

எதற்கும் தேர்வையும் எழுதிவிடலாமே என்று டீச்சரின் கணவர் ஒருமுறை கேட்டார். வக்கீல் பதறிப்போனார்.

"எழுதினா அந்த விதிய நாமளே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும் சார். கேஸு படுத்துடும்."

"வக்கீல் சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்றார் டீச்சர், உடனே.

அறிவியல் டீச்சரும் இதே வழக்கில் சேர்ந்தவர்தான். ஆனால் காதும் காதும் வைத்தாற்போல் போய் எழுதித் தேறிவிட்டு, ஓய்வறையில் ஒன்றுமறியாதவர்போல் டீ குடித்துக்கொண்டிருந்தார். பிழைக்கத் தெரிந்த மகராசி!

திடீரென்று ஒருநாள் அரசே அந்த விதியை ரத்து செய்தது. கணவருக்குத் தலைகால் புரியவில்லை. "தலைக்கு வந்தது தலைப்பாகையோட போச்சு. இனிமேலாவது நிம்மதியா தூங்கு" என்றார். டீச்சருக்கு அன்றும் தூக்கம் வரவில்லை.

பயந்தது சரியாகப் போயிற்று. பழைய விதி இருந்த இடத்தில் புதியது வந்து உட்கார்ந்திருந்தது. ஏற்கெனவே தேறியவர்கள் நீடிக்கலாம். மற்ற இடங்களுக்கு வேறு ஆள் எடுப்பார்கள். நீதிபதி கோபமாகக்கூடப் பேசவில்லை. எதிர்த்து வழக்காடிய விதியே இப்போது இல்லை, ஆகவே முடிவு சொல்ல இதில் ஒன்றுமில்லை என்று வழக்கை மூடிவிட்டார். அதோடு தடையும் போயிற்று.

"அப்ப நான் ஜெயிச்சேனா, தோத்தேனா?" என்று நீதிமன்ற வராந்தாவில் வக்கீலிடம் கேட்டார் டீச்சர்.

"ரெண்டும் இல்ல டீச்சர். புது விதிய எதிர்த்துப் புதுசா கேஸு போடலாம்."

"நாளைக்கு ஸ்கூலுக்கு?"

வக்கீல் வேறெங்கோ பார்த்தார். "போக முடியாதும்மா."

படியிறங்கும்போது கணவர் பொங்கினார். "இந்த ஆளு பேச்சைக் கேட்டு நடுத்தெருவுக்கு வந்தாச்சு. அன்னைக்கே எழுதியிருந்தா நீ ஊதித் தள்ளியிருப்ப."

டீச்சர் பாதிப் படியில் நின்றார்.

"அவரத் திட்டாதீங்க. பெயிலாயிட்டா பிள்ளைங்க முகத்துல எப்படி முழிக்கிறதுன்னு எனக்குப் பயம். அவரு எழுத வேணாம்னு சொன்னப்பதான் எனக்கு உயிரே வந்துச்சு."